எட்டுப் பாய் அறை

லண்டனில் என்னைப் புதிதாகச் சந்திக்கும் தயாரிப்பாளர் எவரும், தேநீர் ஆறுவதற்குள் கறிக்கடைக்கு, அதாவது இங்கே 'கரி ஹவுஸ்' என்கிற நம்மவர் சாப்பாட்டுக்கடைக்கு, வந்துவிடுவார். படத்தில் ஒரு கறிக்கடை வருகிறது, கதாநாயகன் மழைக்கு அதற்குள் ஒதுங்குகிறான், நீங்கள் கட்டினால் அசலாக இருக்கும் என்பார். எனக்குப் பற்றிக்கொண்டு வரும். நான் பதினேழு வருடம் டோக்கியோவில் பேய்ப் படங்களுக்கு வீடு கட்டியவள். ராட்சத மிருகங்கள் மிதித்து நொறுக்குவதற்காக நகரங்கள் கட்டியவள். வாள் சண்டைப் படத்தில் காகிதக் கதவில் தெறிக்கும் இரத்தம் மெதுவாக வழிய வேண்டுமென்றால் எந்தக் காகிதம் ஒட்ட வேண்டும் என்று தெரிந்தவள். கறிக்கடையைப் பற்றி எனக்கு என்ன மண்ணாங்கட்டி தெரியும்? வெம்பிளியில் எங்கள் வீட்டுக்குப் பக்கத்தில் ஒன்று இருக்கிறது. சனிக்கிழமைகளில் அங்கே கொத்துரொட்டி வாங்குவேன்.

என் தொழிலை இங்கே புரொடக்‌ஷன் டிசைனர் என்பார்கள். தமிழில் கலை இயக்குநர். கதையில் வருகிறவர்கள் வாழும் வீடு, தெரு, கதவுப்பிடி, தேநீர்க் கோப்பையின் விளிம்பில் இருக்கும் வெடிப்பு வரைக்கும் தீர்மானிக்கிற ஆள். இதை என் சொந்தக்காரர்களுக்கு விளங்கப்படுத்தி நான் களைத்துவிட்டேன். அண்ணன் முறையான ஒருவர் மகளின் கலியாணத்துக்கு மணவறை செய்து தரச் சொன்னார். நேரமில்லை என்றேன். "பேய்க்கு வீடு கட்டுவாளாம், பிள்ளைக்கு ஒரு மணவறை கட்ட ஏலாதாம்" என்று வெம்பிளி முழுக்கச் சொல்லித் திரிந்தார்.

இருபத்தைந்து வயதில் ஆறு மாத விசாவில் ஜப்பானுக்குப் போனேன். முதல் வேலை, முழங்கால் உயரக் கட்டடங்களுக்கு விளம்பரப் பலகை வெட்டுவது. நான்கு பேர் ஒரு மாதம் இருந்து ஒரு தெருவைச் செய்வோம். ரப்பர் உடை போட்ட நடிகர் வந்து அரை நிமிடத்தில் அதைத் துவம்சம் செய்துவிட்டுப் போவார். எல்லோரும் கைதட்டுவோம். பிறகு பேய்ப் படங்கள் வந்தன. கடைசி ஏழு படங்களுக்கு நான்தான் கலை இயக்குநர். தாழ்வாரத்தின் தூரத்து முனையைக் கொஞ்சம் ஒடுக்குவேன். கூரையை நாலு விரல் இறக்குவேன். பார்க்கிறவருக்கு மூச்சு முட்டும், ஏனென்று தெரியாது. அம்மா விழுந்து இடுப்பெலும்பு முறிந்ததும், வீட்டில் வேறு ஆள் இல்லாதபடியால் லண்டனுக்குத் திரும்பினேன்.

எட்டு வருடம். அந்த எட்டு வருடத்தில் எனக்குக் கிடைத்தவை இரண்டு கறிக்கடை, ஒரு மூலைக்கடை, ஒரு அகதிக் கூடாரம். அதுவும் வேறு ஒரு கலை இயக்குநருக்குக் கீழே, உதவிக்கு. டோக்கியோவில் செய்ததெல்லாம் இங்கே கணக்கில் இல்லையாம். "லண்டனில் உங்கள் பெயர் தனியாக வந்த படம் ஏதாவது?" என்று கேட்பார்கள். இல்லை. இல்லாததால் தருவதில்லை, தராததால் இல்லை. குரோய்டனில் வரிசையில் நின்று எங்கள் குடும்பம் அகதி விசா எடுத்த காலத்தில் அப்பாவிடமும் இப்படித்தான் இல்லாத பேப்பரைக் கேட்டார்களாம். அப்பா பொறுமைசாலி. நான் இல்லை.

இரண்டு வருடத்துக்கு முன் ஒரு கம்பனி லண்டனிலேயே ஜப்பானியப் பேய்ப் படம் ஒன்றை எடுக்க வந்தது. முழு வீட்டையும் ஸ்டூடியோவுக்குள் கட்ட வேண்டும். இயக்குநர் முப்பத்தைந்து வயது ஆங்கிலேயர். முதல் சந்திப்பில் ஒரு பழைய ஜப்பானியப் படத்தில் வந்த தாழ்வாரத்தைப் பற்றிப் பத்து நிமிடம் உருகினார். அதைப் பார்த்துத்தான் சினிமாவுக்கே வந்தாராம். "அதைக் கட்டியது நான்" என்றேன். சிரித்தார். பகிடி என்று நினைத்துவிட்டார்! அந்தப் படத்தின் பெயர்ப்பட்டியல் ஜப்பானிய எழுத்தில் ஓடும். அதில் என் பெயர் இருந்தது, அவருக்கு வாசிக்கத் தெரியவில்லை. கைப்பையிலிருந்து வேலைத்தளப் படங்களை எடுத்து மேசையில் பரப்பினேன். அதற்குப் பிறகுதான் சிரிப்பு நின்றது.

அப்படியும் அவர்கள் தர வந்த பதவி 'கலாசார ஆலோசகர்'. முடியாது என்றேன். மூன்று கிழமை இழுபட்டது. கடைசியில் கலை இயக்குநர் என்று போடச் சம்மதித்தார்கள். படத்தின் தொடக்கத்தில், திரையில் என் பெயர் மட்டும் தனியாக வரும். ஆனால் ஒப்பந்தத்தில் ஒரு வரி சேர்த்தார்கள். படப்பிடிப்பு முடிவதற்குள் நான் விலகினாலோ, என் பொறுப்பை மீறினேன் என்று தெரிந்தாலோ, பெயர் கீழே இறங்கிக் கடைசிப் பட்டியலில் ஆலோசகர் என்று போகும். இறங்கினால் எனக்கு ஆயுளுக்கும் கறிக்கடைதான். ஐம்பது வயதில் இன்னொரு எட்டு வருடம் காத்திருக்க யாரால் ஏலும்? பல்லைக் கடித்துக்கொண்டு கையெழுத்துப் போட்டேன்.

தலைமைத் தச்சராக நான் கொண்டுவந்தவர் சினிமாவுக்குச் சம்பந்தமே இல்லாதவர். கிழக்கு லண்டன் பிளேஸ்டோவில் வீடுகளுக்குச் சமையலறை அலுமாரிகள் செய்து பூட்டிக்கொடுக்கிற யாழ்ப்பாணத்துக்காரர். என்னைவிட ஆறேழு வயது மூத்தவர். நான் அண்ணை என்பேன், அவர் தங்கச்சி என்பார். அம்மாவுக்காக எங்கள் வீட்டுச் சமையலறையை மாற்றியபோது பழக்கம். அவர் பூட்டிய அலுமாரிக் கதவு சத்தமே இல்லாமல் சாத்திக்கொண்டதைப் பார்த்து, இந்த மனிசனை விடக்கூடாது என்று அன்றைக்கே முடிவெடுத்தேன். ஆணி தெரியாமல் மரத்தோடு மரம் கோக்கிற ஜப்பானிய முறையை இரண்டு நாளில் பிடித்துக்கொண்டார். அவரை எடுத்ததற்குத் தயாரிப்பாளர் முகம் சுளித்தார். ஸ்டூடியோவில் வேலை செய்த அனுபவம் இல்லையாம். எனக்கு இருக்கிற ஸ்டூடியோ அனுபவம் போதாதா என்று கேட்டு வாயை அடைத்தேன்.

அந்த வீட்டில் முக்கியமான அறை எட்டுப் பாய் அறை. ஜப்பானில் அறையின் அளவைப் பாய்க்கணக்கில் சொல்வார்கள். வைக்கோலை அமுக்கி, மேலே கோரை நெய்து மூடிய தடித்த பாய், ஓராள் படுக்கிற அளவு. சாதாரண நாளில் நான்கு பாய்களின் மூலைகள் ஒரே இடத்தில் சந்திக்காத மாதிரி மாற்றி மாற்றிப் போடுவார்கள். நான்கு மூலையும் ஒன்றாகச் சேர்ந்தால் அது சாவுக்குப் போடுகிற முறை. இந்தக் காலத்தில் எவரும் செத்த வீட்டுக்காகப் பாயைத் தூக்கித் திருப்புவதில்லை. ஆனாலும் அங்கே பிறந்து வளர்ந்தவர்களின் கண்ணை அது உறுத்தும். எங்கள் படத்தில் தகப்பன் செத்து, அந்த அறையில் சடங்கு நடக்கிறது. ஆகவே அந்த ஒரு காட்சிக்கு மட்டும் நான்கு மூலையும் சேரப் போடச் சொன்னேன்.

"அப்ப இது எங்கட குருத்தோலைத் தோரணம் மாதிரி" என்றார் அண்ணை. "நல்ல காரியத்துக்கு ஒரு விதமா மடிக்கிறது, செத்த வீட்டுக்கு வேற விதம்."

"ஓம் அண்ணை, அதேதான்."

எட்டு வருடத்தில் லண்டனில் எவருக்கும் நான் இவ்வளவு சுலபமாக ஒரு விஷயத்தை விளங்கப்படுத்தியதில்லை. இயக்குநருக்கு அரை நாள் எடுத்தது. பாய்களைப் பார்த்துவிட்டு, குளியலறைத் தரை மாதிரி இருக்கிறது, சும்மா மாற்றிப் போடுங்கள் என்றார். நான் காரணம் சொன்னேன். இங்கே யாருக்கு அது தெரியப்போகிறது என்றார். "உங்களுக்கு அந்தத் தாழ்வாரம் ஏன் பிடித்தது என்று தெரியுமா? தெரியாதல்லவா? ஆனால் பிடித்தது" என்றேன். முகம் சிவந்து, சரி பார்க்கலாம் என்று முணுமுணுத்துக்கொண்டு போனார். அந்தப் 'பார்க்கலாம்' என் மனதில் முள்ளாய்த் தைத்து நின்றது.

அடுத்தது செத்தவரின் படம். வெள்ளைச் செவ்வந்திப் பூக்களுக்கு நடுவே, கருப்பு நாடா கட்டிய சட்டத்துக்குள் அது இருக்க வேண்டும். கமரா படத்துக்குப் பின்னாலிருந்து, அழுகிறவர்களின் முகத்தைத்தான் பார்க்கும். சட்டத்துக்குள் யார் இருக்கிறார் என்பது திரையில் தெரியாது. ஆனால் டோக்கியோவில் எங்கள் ஸ்டூடியோவில் ஒரு கட்டுப்பாடு இருந்தது. செத்த வீட்டுக் காட்சியில் சட்டம் வெறுமையாக இருக்கக்கூடாது. வெறும் சட்டம் ஆள் தேடும் என்பார்கள். அதனால் கலை இயக்குநர் தன் படத்தையே வைத்துவிடுவார். சுற்றியிருக்கிற எவருக்கும் தீங்கு வராமல் பொறுப்பைத் தான் எடுத்துக்கொள்கிற மாதிரி. அப்படி நான் ஏழு தடவை செத்திருக்கிறேன். லண்டனிலும் என் படத்தைப் பெருப்பித்து, நாடா கட்டி, பூக்களுக்கு நடுவில் வைத்தேன்.

காட்சிக்கு முதல்நாள் பின்னேரம், அண்ணை படத்துக்குக் கீழே இருந்த படியைச் சரிசெய்து முடித்துவிட்டு நிமிர்ந்தார்.

"தங்கச்சி, இது உங்கட படமெல்லே?"

"ஓம் அண்ணை. அது அங்கத்தைய வழக்கம்."

"செத்த ஆரின்ரையும் படம் ஒண்டு வைக்கலாமே. உயிரோட இருக்கிற ஆளின்ர படத்துக்குப் பூ வைக்கிறதே?"

"செத்த ஆக்களின்ர படத்தை ஆர் அண்ணை சினிமாவுக்குத் தருவினம்?" என்று சிரித்தேன். அவர் சிரிக்கவில்லை. "எனக்கு மனம் கேக்கேல்லை" என்றார். விளக்குக்காரர் கூப்பிட்டார், நான் ஓடிவிட்டேன்.

மறுநாள் காலை ஏழு மணிக்குப் போனேன். விதவையாக நடிக்க ஜப்பானிலிருந்து வந்த மூத்த நடிகை அறை வாசலில் உடையோடு நின்றார். அவருக்கு அந்த ஒரு நாள்தான் இருந்தது, மறுநாள் விமானம். உள்ளே காலை வைக்காமல் நின்றார். "இது யாருக்காகக் காத்திருக்கிறது?" என்று ஜப்பானிய மொழியில் மெல்லக் கேட்டார். எட்டிப் பார்த்தேன். சட்டம் வெறுமையாக இருந்தது. கீழே பாய்கள் மாற்றிப் போடப்பட்டிருந்தன. ஒரு மூலையும் சேரவில்லை. கலியாண வீட்டுக்குப் போட்ட மாதிரி மங்களகரமாக இருந்தது.

எனக்குக் கண் மண் தெரியவில்லை. இயக்குநர் கோப்பிக் கோப்பையோடு வந்துகொண்டிருந்தார். எண்பது பேருக்கு முன்னால் பிடித்துக்கொண்டேன். "குளியலறைத் தரை என்று சொன்னீர்கள். பார்க்கலாம் என்றீர்கள். இதுதானா பார்த்தது? என்னைக் கேட்காமல் என் அறையில் கை வைக்க நீங்கள் யார்? என் தாழ்வாரத்தைப் பார்த்துச் சினிமா படித்துவிட்டு, எனக்கே பாய் போடச் சொல்லித் தருகிறீர்களா?" அவர் தான் தொடவில்லை என்றார். நான் நம்புவேனா? எட்டு வருடக் கறிக்கடை ஆத்திரம் முழுவதும் வெளியே வந்தது. மூலைக்கடையும் அகதிக் கூடாரமும் வந்தன. கடைசியாக, "என் பெயரை எடுத்துவிடுங்கள், நான் போகிறேன்" என்று கத்தினேன்.

தயாரிப்பாளர் மறுப்பார் என்று நினைத்தேன். அந்த அம்மையார் குறிப்புப் புத்தகத்தைத் திறந்து நேரத்தைக் குறித்தார். அப்போதுதான் ஒப்பந்தத்தின் அந்த வரி எனக்கு நினைவுக்கு வந்தது.

கருவி அறைக்குப் போய் இருந்தேன். அண்ணை வந்தார். கையில் துவாயால் சுற்றிய ஒரு பொருள். விரித்தார். என் படம்.

"நான்தான் தங்கச்சி. விடிய ஆறு மணிக்கு வந்து மாத்தினனான்."

"ஏன் அண்ணை?" என்றேன்.

"நீங்கள்தானே சொன்னனீங்கள், நாலு மூலையும் சேர்ந்தா சாவுக்கு எண்டு. அதைப் போட்டு, பூவும் வைச்சு, நடுவில உங்கட முகம். ராத்திரி முழுக்க நித்திரை இல்லை. என்ர மனிசியும் ஏசினவ, அந்தப் பிள்ளைக்கு ஒண்டு நடந்தா என்ன செய்வியள் எண்டு."

"என்ன விசர் வேலை அண்ணை இது! இது சினிமா!"

"தெரியும். வேற ஆரின்ரையும் படம் எண்டா பேசாமப் போயிருப்பன்."

எட்டுப் பாயையும் ஒற்றை ஆளாய்த் தூக்கியிருக்கிறார். முதுகு வலிக்காரர். அவருடைய கழுத்தைப் பிடித்து நெரிக்க வேண்டும் போலவும் இருந்தது, காலில் விழ வேண்டும் போலவும் இருந்தது. அதற்குள் தயாரிப்பாளர் கதவில் தட்டினார். பின்னால் இயக்குநர், கோப்பி சிந்திய சட்டையோடு.

இயக்குநர் தொடவில்லை என்று காவலாளி உறுதிசெய்துவிட்டாராம். அப்படியானால் இது என் பிரிவின் வேலை. தயாரிப்பாளர் மிகவும் மரியாதையாகப் பேசினார். காலைப் படப்பிடிப்பு போய்விட்டது, காப்புறுதிக்குக் காரணம் எழுத வேண்டும் என்றார். நீங்கள் சொல்லி உங்கள் ஆட்கள் மாற்றியிருந்தால் அது உங்கள் பொறுப்புமீறல், ஒப்பந்தத்தின் அந்த வரி நடைமுறைக்கு வரும். உங்களுக்குத் தெரியாமல் எவராவது மாற்றியிருந்தால் அது அவருடைய தவறு, அவர் இன்றே போக வேண்டும், நீங்கள் கத்தியதையும் நாங்கள் மறந்துவிடுவோம். எது?

அண்ணைக்கு ஆங்கிலம் விளங்கும், வேகமாகப் பேசினால்தான் தடுமாறுவார். அவர் என்னையும் தயாரிப்பாளரையும் மாறி மாறிப் பார்த்தபடி நின்றார். நான் ஒன்றும் யோசிக்கவில்லை. யோசித்தேன் என்று சொன்னால் அது பொய்.

"இவர்தான்" என்றேன். "எனக்குத் தெரியாது."

அண்ணை தலையாட்டினார். தான் கேட்காமல் செய்துவிட்டதாக அவருக்குத் தெரிந்த ஆங்கிலத்தில் சொன்னார். கழுத்தில் தொங்கிய அட்டையைக் கழற்றி மேசையில் வைத்தார். உளிகளைத் துவாயில் சுற்றி எடுத்துக்கொண்டார். "வாறன் தங்கச்சி" என்று, வேலை முடிந்து போகிற எல்லா நாளையும் போலச் சொல்லிவிட்டுப் போனார்.

நான் இரண்டு பேரைப் பிடித்துப் பாய்களைத் திரும்பப் போட்டேன். நான்கு மூலையும் சேர்த்தேன். என் படத்தைச் சட்டத்துக்குள் வைத்தேன். நடிகை உள்ளே வந்து, என் படத்துக்கு முன்னால் இருந்து அழுதார். நல்ல காட்சி. படத்திலேயே நல்ல காட்சி அதுதான்.

போன மாதம் படம் வெளிவந்தது. திரையில் என் பெயர் தனியாக, பெரிதாக வந்தது. மணவறை கேட்ட அண்ணன் குடும்பத்தோடு வந்து கைதட்டினார். டோக்கியோவிலிருந்து பழைய கூட்டாளி ஒருவர், அந்த அறையைக் கண்டதும் முதுகு சில்லிட்டது என்று எழுதினார். கறிக்கடை இல்லாத வேலை ஒன்றும் வந்திருக்கிறது. கடைசியில் ஓடிய பட்டியலில் தச்சர்கள் என்ற தலைப்பின் கீழ் ஐந்து பெயர்கள். அண்ணையின் பெயர் இல்லை. நான் கேட்டுப் பார்த்தேன். இடையில் நீக்கப்பட்டவர்களின் பெயரைப் போடுவதில்லையாம். அந்த வீட்டின் ஒவ்வொரு கதவையும் கோத்தவர் அவர்!

அதற்குப் பிறகு ஒரு பின்னேரம் அவரே தொலைபேசி எடுத்தார்.

"பாத்தனாங்கள் தங்கச்சி. உங்கட பேர் நல்ல பெரிசா வந்தது. மனிசிக்குச் சரியான சந்தோசம்."

"அண்ணை, உங்கட பேர்..."

"அதை விடுங்கோ. எனக்கென்ன, நான் சமையலறை பூட்டுற ஆள்."

"நான் உங்களைக் காட்டிக் குடுத்திட்டன் அண்ணை."



"நீங்கள் நடந்ததைத்தானே சொன்னனீங்கள்" என்றார்.

பிறகு அம்மாவின் சுகம் விசாரித்தார், அலுமாரிக் கதவுகள் சரியாக இருக்கின்றனவா என்று கேட்டார், வைத்துவிட்டார். என் பெயரைத் தின்றவர்கள் என்று நான் ஊரெல்லாம் எத்தனை பேரைத் திட்டியிருப்பேன். ஏசியிருக்கலாம் அந்த மனிசன். இரண்டு வார்த்தை ஏசியிருந்தால் நானும் திருப்பி ஏதாவது கத்தியிருப்பேன், அழுதிருப்பேன், மன்னிப்புக் கேட்டிருப்பேன். நடந்ததைத்தான் சொன்னேன், உண்மைதான். அதைச் சொல்லும்போது பக்கத்தில் நின்ற அவருடைய முகத்தை நான் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை.